வறட்சி தாங்கும் பூச்செடிகளைத் தண்ணீர் ஊற்றியே சாகடிக்காதீர்கள்

அரளி, காகிதப்பூ, அடீனியம், நித்தியகல்யாணி, பத்துமணிப்பூ. வெயில் தாங்கும், அடிக்கடி தண்ணீர் கேட்காது என்று சொல்லித்தான் நர்சரியில் இவற்றைக் கொடுப்பார்கள். அப்படியும் பல வீடுகளில் இவை சில மாதங்களில் போய்விடுகின்றன. தாகத்தால் போவது குறைவு. தினமும் காலையில் பழக்கதோஷத்தில் ஊற்றும் அரைச் செம்புத் தண்ணீர்தான் பெரும்பாலும் ஆளை முடிக்கிறது.

அந்த அரைச் செம்பு மேல் மண்ணை மட்டும்தான் நனைக்கும். ஈரம் இருக்கும் இடத்தில்தான் வேர் ஓடும் என்பதால் வேரும் மேலேயே தங்கிவிடும். பிறகு ஊருக்குப் போய் இரண்டு நாள் தண்ணீர் விடாவிட்டால் செடி துவண்டு விழும். வறட்சி தாங்கும் செடியை நாமே நோஞ்சானாக்கி வைத்திருக்கிறோம். ஊற்றினால் முழுதாக ஊற்ற வேண்டும். 12 அங்குலத் தொட்டிக்கு ஒன்றரை முதல் 2 லிட்டர். பாதியை ஊற்றி ஐந்து நிமிடம் விட்டு மீதியை ஊற்றினால் மண் இழுத்துக்கொள்ளும். அடித்துளையில் தண்ணீர் வந்ததும் நிறுத்திவிடுங்கள். மண் காயும்வரை அந்தப் பக்கம் போக வேண்டாம்.

காய்ந்ததை எப்படிக் கண்டுபிடிப்பது? மேல் மண்ணைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள், அது அரை நாளில் வெளுத்துவிடும். காய்ந்த தென்னை ஈர்க்கு ஒன்றைத் தொட்டியின் ஓரமாக நாலு அங்குலம் இறக்கி, பத்து நிமிடம் கழித்து உருவுங்கள். மண் ஒட்டி, ஈர்க்கு கறுத்து வந்தால் இன்னும் ஈரம் இருக்கிறது. சுத்தமாக வந்தால் ஊற்றலாம். சித்திரை வெயிலில் மொட்டைமாடித் தொட்டிக்கு இது இரண்டு நாளுக்கு ஒருமுறையாக இருக்கலாம்; மார்கழியில் அடீனியத்துக்குப் பத்து நாளைத் தாண்டும். கிழமை வைத்து ஊற்றுவது சரிவராது.

புதிதாக நட்ட செடிக்கு இந்தக் கணக்கு பொருந்தாது. வறட்சியைத் தாங்குவது வேர், அதுவோ இன்னும் நர்சரிப் பை அளவில்தான் இருக்கும். முதல் ஆறு வாரம் மேல் ஒரு அங்குலம் காய்ந்ததுமே ஊற்றி, பிறகு இடைவெளியைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டுங்கள்.

அடுத்தது, வாட்டத்தைத் தப்பாகப் படிப்பது. நித்தியகல்யாணி உச்சிவெயிலில் இலையைச் சுருட்டிக்கொண்டு நிற்கும். சாயங்காலம் தானாக நிமிர்ந்துவிடும். அதைப் பார்த்துப் பதறி ஊற்ற வேண்டியதில்லை. விடிகாலையிலும் தொங்குகிறது, ஆனால் மண் ஈரமாக இருக்கிறது என்றால் அது வேரழுகல். அழுகிய வேரால் தண்ணீரை உறிஞ்ச முடியாது, அதனால்தான் தண்ணீரில் நின்றுகொண்டே செடி வாடுகிறது. ஒரு வேரைப் பிடித்து இழுத்தால் மேல்தோல் உருவி வந்து, நடுவில் நூல் மட்டும் மிஞ்சும். இந்த நிலைக்கு வந்த நித்தியகல்யாணியோடு மல்லுக்கட்டுவது வீண். செடியைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, அதே மண்ணில் மறுபடி அதையே நடாமல் இருங்கள்.

அடீனியத்தைக் காப்பாற்ற வழி உண்டு. பருத்த அடித்தண்டை விரலால் அழுத்திப் பாருங்கள். சுற்றிலும் ஒரே மாதிரி தளர்ந்து தோல் சுருங்கியிருந்தால் தாகம். ஒரு பக்கம் மட்டும் பழுத்த பழம் போல அமுங்கி, பழுப்பு நீர் கசிந்தால் அழுகல். உடனே பிடுங்கி, சுத்தமான கத்தியால் பழுப்பு நிறம் துளியும் இல்லாத வெள்ளைச் சதை தெரியும்வரை செதுக்குங்கள். நிழலில் ஒரு வாரம் போட்டு வெட்டுவாய் காய்ந்தபின் மணல் அதிகமுள்ள உலர்ந்த கலவையில் நட்டு, மேலும் சில நாள் கழித்தே தண்ணீர் காட்ட வேண்டும். இதன் பாலும் சரி, அரளிப் பாலும் சரி, விஷம், கையுறை அவசியம்.

காகிதப்பூவில் வேறு கதை. செடி நன்றாகவே இருக்கும், தழைத்துக்கொண்டே போகும், பூ மட்டும் வராது. நல்ல வெயிலில் இருந்தும் இப்படி என்றால் தண்ணீர் தாராளமாகிவிட்டது என்று அர்த்தம். கொழுந்து லேசாகத் தொங்கும்வரை காயவிட்டு ஊற்றுங்கள். சில வாரங்களில் கணுக்களில் நிறம் தெரியும். நிறம் வந்தபிறகும் பட்டினி போட்டால் எல்லாம் கொட்டிவிடும்.

வடியட்டும் என்று தொட்டியின் அடியில் ஜல்லி நிரப்புவது பழைய பழக்கம், பலன் நேர்மாறு. மண்ணின் கடைசி அடுக்கு நனைந்து நிரம்பிய பிறகுதான் தண்ணீர் ஜல்லிக்குள் இறங்கும். அந்த ஈர அடுக்கு வேருக்கு இன்னும் அருகில் வந்துவிடுகிறது. துளைமேல் ஓர் ஓட்டுத்துண்டு போதும். தேங்காய் நார்க்கழிவுக் கலவை ஒருமுறை முழுக்கக் காய்ந்துவிட்டால் தண்ணீரை ஏற்காது. ஓரமாக வழிந்து ஓடிவிடும், நாமோ ஊற்றிவிட்டதாக நினைப்போம். தொட்டியை வாளித் தண்ணீரில் அரை மணி நேரம் வைத்து எடுங்கள்.

வெயிலில் கிடந்த ஹோஸில் முதலில் வருவது வெந்நீர். கை பொறுக்கும் சூடு வரும்வரை வெளியே விடுங்கள். ஐப்பசி மழை பிடிக்கும் முன் தொட்டிக்கடித் தட்டுகளை எடுத்துவிட்டு (கொசுவும் குறையும்), தொட்டிகளைச் செங்கல் மேல் ஏற்றுங்கள். அடீனியத்தை மட்டும் மழைச்சாரல் படாத, ஆனால் வெயில் விழும் தாழ்வாரத்துக்கு மாற்றிவிடுங்கள்.