நிறத்தைக் கடைசியில் பாருங்கள்: நாய்க்குடும்பத்து விலங்குகளை இனம் காணும் முறை

திருச்செந்தூருக்கு மேற்கே தேரிக்காட்டை ஒட்டிய ஊர் எங்களுடையது. மேல்நிலைப் பள்ளியில் விலங்கியல் எடுக்கிறேன். பாலூட்டிகளின் வகைப்பாடு பாடம் வந்ததும் பிள்ளைகளைத் தேரிக்குக் கூட்டிப் போய்விடுவேன். பனையும் உடைமரமும் முந்திரியும் நிற்கிற செம்மணல் அது. இரவில் காற்று அடங்கியிருந்தால், வெயில் ஏறுவதற்குள் போகிறவர்களுக்கு முந்தின இரவு நடந்துபோன அத்தனையும் மணலில் கிடைக்கும்.

எல்லாரும் முதலில் கேட்பது, "டீச்சர், அது என்ன கலர்?" என்பதுதான். நிறத்தைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள். ஒரே நரி மழைக்காலத்தில் ஒரு நிறமாகவும் கோடையில் வேறு நிறமாகவும் தெரியும். சொறி பிடித்தால் எந்த நிறமும் மிஞ்சாது. செம்பழுப்பு நாட்டு நாயைத் தூரத்தில் பார்த்துவிட்டு செந்நாய் வந்துவிட்டது என்று ஊரே கிளம்பிய கதைகள் உண்டு. காலடி, வால், பல், குரல், அதற்கப்புறம் நிறம். இந்த வரிசையில்தான் நான் சொல்லிக்கொடுக்கிறேன்.

பெயர்களை இப்போதே ஒதுக்கிக்கொள்வோம், பிறகு குழப்பம் வராது. நரி என்று நான் எழுதுவது கூட்டமாக ஊளையிடுகிற பொன்னிற நரியை: அறிவியல் பெயர் கேனிஸ் ஆரியஸ், எட்டு முதல் பதினோரு கிலோ. குள்ளநரி என்று எழுதுவது வளை தோண்டி வாழ்கிற சிறிய இந்திய நரியை: வல்பஸ் பெங்காலென்சிஸ், இரண்டு முதல் நான்கு கிலோ. ஊருக்கு ஊர் இந்தப் பெயர்கள் இடம் மாறும். அதனால் யாராவது "நரி பார்த்தேன்" என்றால், எவ்வளவு பெரியது என்று கேட்டுவிடுங்கள்.

காலடி

நாய்க்குடும்பத்து விலங்குகள் விரல் நுனியில் நடப்பவை, குதிகால் தரையில் படாது. மணலில் நான்கு விரல்கள் பதியும். முன்னங்காலில் ஐந்தாவது விரல் ஒன்று மேலே ஒட்டிக்கொண்டிருக்கும், அது தரையைத் தொடாது. ஆப்பிரிக்கக் காட்டுநாய்க்கு மட்டும் அந்த ஐந்தாவது விரலே கிடையாது. நகங்களை உள்ளே இழுத்துக்கொள்ள முடியாததால், விரல் குழிக்கு முன்னால் நகப்புள்ளி தனியாக விழும். பூனைக்குடும்பத்தில் பெரும்பாலும் நகம் பதியாது, தடமும் வட்டமாக இருக்கும். நாய்க்குடும்பத்தின் தடம் அகலத்தைவிட நீளம் கூடியது.

நகப்புள்ளி தெளிவாக இல்லையா? ஈர்க்குச்சி எடுத்துக்கொள்ளுங்கள். விரல் மெத்தைகளுக்கும் உள்ளங்கால் மெத்தைக்கும் நடுவிலுள்ள மேட்டில் பெருக்கல் குறி போடப் பாருங்கள். எந்தக் குழியையும் தொடாமல் குறுக்கும் நெடுக்குமாகக் கோடு ஓடினால் அது நாய்ப்பக்கம். உள்ளங்கால் மெத்தை அகன்று கோட்டை மறித்தால் பூனைப்பக்கம். பிள்ளைகளுக்கு இது ரொம்பப் பிடிக்கும். மணலில் உட்கார்ந்து மாற்றி மாற்றிக் கோடு போட்டுக்கொண்டே இருப்பார்கள்.

அடுத்தது, தெருநாயா நரியா? மண்டியிட்டுப் பார்க்க வேண்டிய இடம் இது. முன்னங்கால் தடத்தில் நடு இரண்டு விரல்களின் குழிகளைப் பாருங்கள். நாய்க்கு அவை தனித்தனி, நடுவில் மணல் வரப்பு நிற்கும். நரிக்கு அந்த இரண்டு மெத்தைகளும் அடியில் ஒன்றாக ஒட்டியிருக்கும், அதனால் வரப்பு பாதியிலேயே முடிந்துவிடும். அந்தத் தடத்தைக் காலை வெயில் சாய்வாக விழும்போது பாருங்கள், உச்சிவெயிலில் நிழல் இல்லாமல் ஒன்றும் தெரியாது. செந்நாய்க்கும் இந்த ஒட்டு உண்டு. ஆனால் அதன் தடம் நரியைவிடப் பெரியது, தேரியில் அது வரவும் வராது. குள்ளநரியின் தடம் இவை எல்லாவற்றையும்விடச் சிறியது.

ஒரு தடத்தோடு நிறுத்தாமல் கொஞ்ச தூரம் பின்னாலேயே போங்கள். நரியும் குள்ளநரியும் வேலை இருக்கிறவர்கள் நடக்கிற மாதிரி நேராகப் போகும். முன்னங்கால் வைத்த குழியிலேயே பின்னங்காலும் விழுவதால் தடம் ஒற்றை வரியாகத் தெரியும். வீட்டுநாய் அங்கே மோந்து, இங்கே திரும்பி, திரும்பின இடத்துக்கே மறுபடி வரும்.

வழியில் எச்சம் கிடந்தால் கையால் தொடாமல் குச்சியால் பிரியுங்கள். காட்டு ஊனுண்ணி என்றால் மயிரும் எலும்புத்துண்டும் மட்டும்தான் இருக்கும் என்று நினைக்க வேண்டாம். நரியின் எச்சத்தில் இலந்தைக் கொட்டை நிறைய இருக்கும், குள்ளநரியுடையதில் வண்டின் ஓடு பளபளக்கும். கார்னிவோரா என்ற வரிசைப் பெயருக்கு ஊனுண்ணி என்று பொருள் சொன்னாலும், இந்தக் குடும்பத்தில் பெரும்பாலானவை கிடைத்ததைத் தின்பவைதான். பாலைவனம், பனிவெளி, ஊர்ப்புறம் என்று எங்கும் பிழைத்துக்கிடப்பதற்கு அது பெரிய காரணம். முழுக்க முழுக்க இறைச்சியை நம்பியிருக்கும் செந்நாய் மாதிரியானவைதான் இன்று ஆபத்தில் இருக்கின்றன.

வால்

விலங்கையே நேரில் பார்த்துவிட்டால் வாலிலிருந்து தொடங்குங்கள். சுருண்டு முதுகுக்கு மேல் ஏறிய வால் என்றால் அது வீட்டுநாய், அதோடு விஷயம் முடிந்தது. காட்டில் பிறந்தவை வாலைத் தொங்கவிட்டுத்தான் நடக்கும். நரியின் வால் நுனி கறுப்பு, நீளம் குறைவு. குள்ளநரிக்கும் நுனி கறுப்புதான், ஆனால் உடம்பைப் பார்க்க வால் பெரிதாகப் புசுபுசுவென்று இருக்கும். செந்நாய்க்கு உடம்பெல்லாம் துருச்சிவப்பு, வால் மட்டும் அடர்ந்த கறுப்பு, காதுகள் வட்டம். அந்த வட்டக் காதைப் பார்த்துவிட்டால் பிறகு ஒருபோதும் மறக்காது.

பல்

இதற்குக் காட்டுக்குப் போக வேண்டாம். பழகின வீட்டுநாயின் உதட்டை மெதுவாகத் தூக்கினால் போதும். கடிக்கிற நாயிடம் வேண்டாம், மண்டையோடு கிடைத்தால் இன்னும் நல்லது. மேல்தாடையில் ஒரு பக்கம் வெட்டுப்பல் மூன்று, கோரைப்பல் ஒன்று, முன்கடைவாய்ப்பல் நான்கு, பின்கடைவாய்ப்பல் இரண்டு. கீழ்த்தாடையில் மற்றதெல்லாம் அதேதான், பின்கடைவாய்ப்பல் மட்டும் மூன்று. மேலே 20, கீழே 22, மொத்தம் 42. ஓநாய், நரி, குள்ளநரி, ராஜபாளையம், சிப்பிப்பாறை எல்லாவற்றுக்கும் இதே கணக்கு. பூனைக்கு 30தான்.

மேல்தாடையின் நான்காவது முன்கடைவாய்ப்பல்லும் கீழ்த்தாடையின் முதல் பின்கடைவாய்ப்பல்லும் கத்தரியின் இரண்டு அலகுகள் போல ஒன்றை ஒன்று உரசி இறங்கும். நாய் கறித்துண்டைத் தலையைச் சாய்த்து வாயின் ஓரத்தில் வைத்துக் கடிப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்தப் பல்லுக்குத்தான் கொண்டுபோகிறது. அதற்குப் பின்னால் இருக்கும் பற்கள் அரைப்பதற்கு. இலந்தையும் வண்டும் அங்கேதான் அரைபடுகின்றன.

செந்நாய் இந்தக் கணக்கில் பிரிகிறது. கீழ்த்தாடையில் மூன்றாவது பின்கடைவாய்ப்பல் அதற்கு இல்லை, ஆக மொத்தம் 40. அரைக்கும் பரப்பும் குறைந்து, வெட்டும் விளிம்பு கூடியிருக்கிறது. அதனால்தான் அதை ஓநாயும் நரியும் இருக்கும் கேனிஸ் பேரினத்தில் வைக்காமல் குவான் என்ற தனிப் பேரினத்தில் வைத்திருக்கிறார்கள். 1811இல் பல்லாஸ் என்ற விலங்கியலாளர் அதைக் கேனிஸ் என்றுதான் விவரித்தார், 1838இல் ஹாட்ஜ்சன் என்ற இன்னொருவர் தனியாகப் பிரித்தார். பேரினம் என்பது சும்மா வைத்த பெயர் இல்லை, வாயைத் திறந்து எண்ணிப் பார்த்த வேறுபாடு என்று இந்த இடத்தில் பிள்ளைகளுக்குப் புரிந்துவிடும்.

குரல்

இருட்டினதும் ஒன்று ஊளையைத் தொடங்கி மற்றவை சேர்ந்துகொண்டால் நரி. குட்டையாக, கரகரவென்று விட்டுவிட்டுக் குரைத்தால் குள்ளநரி. களக்காடு முண்டந்துறையிலோ முதுமலையிலோ புதருக்குள்ளிருந்து சீட்டியடிக்கிற சத்தம் வந்தால், அது ஆள் இல்லாமல் இருக்கலாம். கலைந்த கூட்டத்தை ஒன்றுசேர்க்கச் செந்நாய் அப்படித்தான் கூப்பிடும். அதைக் கூர்ந்து ஆராய்ந்தவர் நம்ம நாங்குநேரிக்காரர், ஏ.ஜே.டி. ஜான்சிங். சிவகாசியில் கல்லூரி ஆசிரியராக இருந்தவர். 1970களில் பந்திப்பூரில் நடந்தே திரிந்து செந்நாய்க் கூட்டத்தைப் பின்தொடர்ந்தார். வெள்ளைக்காரர்கள் காலத்தில் கொன்றால் பரிசு என்று வைத்திருந்த விலங்கு அது. அதன் வாழ்க்கையை உட்கார்ந்து கவனிக்க ஒருவர் வந்தாரே என்பதில் எனக்கு இன்றைக்கும் பெருமை.

எங்கே வைப்பது

பார்த்ததையெல்லாம் இப்போது வரிசைப்படுத்தலாம். கார்னிவோரா வரிசை இரண்டு பெரிய கிளையாகப் பிரிகிறது. நாய்ப்பக்கக் கிளையில் நாய்க்குடும்பத்தோடு கரடி, நீர்நாய், கடல்நாய் எல்லாம் வரும். பூனைப்பக்கக் கிளையில் பூனைகளோடு கீரி, மரநாய், கழுதைப்புலி. ஆக நீர்நாய் தூரத்து உறவு, மரநாய் அந்த உறவும் இல்லை.

கழுதைப்புலிதான் ஆட்களை ஏமாற்றும். நாய் மாதிரி முகம், நகம் பதியும் தடம், கூடவே பிணம் தின்னும் பழக்கம். உயிர்களுக்கு அறிவியல் பெயர் வைக்கும் முறையை வகுத்த லின்னேயஸே 1758இல் அதைக் கேனிஸ் ஹயனா என்று நாயோடு சேர்த்துத்தான் வைத்தார். நீலகிரியில் சீகூர், மாயாறு பக்கம் தடம் பார்த்தால் முன்னங்கால் தடம் பின்னங்கால் தடத்தைவிட நன்றாகப் பெரியதாக இருக்கும், முதுகும் பின்னோக்கிச் சரியும். முன்னங்காலிலும் நான்கே விரல். பல் 34.

நாய்க்குடும்பமான கேனிடேயில் இன்று சுமார் 35 சிற்றினங்கள் உயிரோடிருக்கின்றன. தொடக்கம் வட அமெரிக்காவில், ஏறக்குறைய நான்கு கோடி ஆண்டுகளுக்கு முன். மூன்று துணைக்குடும்பங்களில் இரண்டு அழிந்துவிட்டன, மிச்சமிருப்பது ஒன்றுதான். அதற்குள் இரண்டு பெரிய அணி: வல்பஸ் முதலான குள்ளநரியணி, கேனிஸ் முதலான நாயணி. குள்ளநரி முதல் அணி. நரி, ஓநாய், செந்நாய், வீட்டுநாய் இரண்டாவது அணி. கண்மணியையும் பாருங்கள்: வெளிச்சத்தில் குள்ளநரிக்குச் செங்குத்துக் கீற்றாக ஒடுங்கும், நாயணிக்கு வட்டமாகவே இருக்கும்.

ஓநாயைத் தேடித் தெற்கே அலைய வேண்டாம். கர்நாடகத்தில் மேல்கோட்டைச் சரணாலயம் அதற்காகவே அமைந்தது, மகாராஷ்டிரப் புல்வெளிகளிலும் உண்டு. அங்கே தெருநாயோடு கலந்து பிறந்த ஓநாய்கள் இருப்பது மரபணுச் சோதனையில் தெரிந்திருக்கிறது. ஓநாய்க்கும் நாய்க்கும் 78 குரோமோசோம்கள் என்பதால் அது முடிகிறது. நரிக்கும் 78தான். வல்பஸ் பேரினத்துக்கு எண்ணிக்கையே வேறு, ஆகவே நாய்க்கும் குள்ளநரிக்கும் குட்டி பிறந்தது என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

ஒரு விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டும். சந்தையிலும் கோயில் வாசலிலும் நரிக்கொம்பு என்று ஒன்றை விற்கிறார்கள். வீட்டில் வைத்தால் செல்வம் பெருகும் என்கிறார்கள். நாய்க்குடும்பத்தில் கொம்பு உள்ள விலங்கு ஒன்றுகூட இல்லை, இருந்ததும் இல்லை. மண்டையோட்டின் உச்சியில் விரலை ஓட்டிப் பாருங்கள்: தாடைத்தசை பிடித்துக்கொள்ள நடுவில் ஒரு எலும்பு வரப்பு இருக்கும், அவ்வளவுதான். இப்படி ஒரு பொய்யை நம்பி வாங்குகிறவர்களுக்காக நரி சாகிறது. கறிக்குள் வெடி மறைத்து வைத்து அதன் வாயைக் கிழிக்கிறார்கள். நரியை வேட்டையாடுவதும் அதன் உறுப்பை விற்பதும் 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். உங்கள் வீட்டில் யாராவது வாங்கக் கிளம்பினால், இந்தப் பத்தியைக் காட்டுங்கள்.

வெளியே கிளம்பும்போது அளவுகோல், குறிப்பேடு, செல்போன் போதும். தடத்தின் பக்கத்தில் அளவுகோலை வைத்து, நேர் மேலிருந்து படம் எடுங்கள். முன்னங்கால், பின்னங்கால் இரண்டையும் எடுங்கள். பகலில் பயமில்லாமல் தள்ளாடி வருகிற நரியை நெருங்காதீர்கள், வெறிநோயாக இருக்கலாம். கடித்தாலோ கீறினாலோ சோப்புப் போட்டு ஓடும் நீரில் பதினைந்து நிமிடம் கழுவிவிட்டு, உடனே ஊசி போடப் போய்விடுங்கள். வளை கண்ணில் பட்டால் தள்ளி நின்று குறித்துக்கொண்டு திரும்பிவிட வேண்டும். குட்டி இருக்கும் காலத்தில் ஆள் நடமாட்டம் தெரிந்தால் தாய் இடம் மாற்றிவிடும். படத்தை ஐநேச்சுரலிஸ்ட் என்ற உயிரினப் பதிவு இணையதளத்தில் ஏற்றுகிறவர்கள் இடத்தை மறைத்துக்காட்டும் வசதியை மறக்காமல் தேர்ந்தெடுங்கள், வளை இருக்கும் இடம் வெடி வைப்பவன் கைக்குப் போகக் கூடாது.