சமாதானம் ஆன பிறகு கிரிமினல் வழக்கை முடிப்பது எப்படி?

வரப்புத் தகராறில் கைகலப்பு. ஆறு மாதத்தில் பெரியவர்கள் பேசி முடிக்க, இரு தரப்பும் ஸ்டேஷனில் ‘கேஸை வாபஸ் வாங்குகிறோம்’ என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறார்கள். பிறகு ஒருநாள் வாரண்டோடு போலீஸ் வந்து நிற்கும். சி.எஸ்.ஆர்., அதாவது புகார் பெற்றதற்கான ரசீதோடு நின்ற புகாரை ஸ்டேஷனிலேயே முடித்துக்கொள்ளலாம். எஃப்.ஐ.ஆர். விழுந்துவிட்டால் வழக்கு அரசுடையது; புகார் கொடுத்தவர் நினைத்தால் மட்டும் நிற்காது.

முதலில் எஃப்.ஐ.ஆரில் உள்ள பிரிவுகளைப் பாருங்கள். எவற்றைத் தரப்பினரே சமரசம் செய்யலாம், எவற்றுக்கு நீதிமன்ற அனுமதி வேண்டும் என்று பி.என்.எஸ்.எஸ். எனும் புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 359-வது பிரிவில் (பழைய 320) இரண்டு பட்டியல்கள் உண்டு. எல்லாப் பிரிவும் அவற்றுக்குள் அடங்கினால் மாஜிஸ்திரேட் கோர்ட்டிலோ லோக் அதாலத்திலோ முடியும். மாஜிஸ்திரேட் முன் ஆகும் சமரசத்துக்கு விடுதலையின் பலன் உண்டு. ஆனால் நம்மூர் அடிதடி வழக்கில், பி.என்.எஸ். எனும் புதிய தண்டனைச் சட்டத்தில் காயம் விளைவித்ததற்கான 115(2)-ஓடு 296(பி), அதாவது ஆபாசமாகத் திட்டியது, சேராமல் இருப்பது அபூர்வம். அது பட்டியலில் இல்லை. ஆயுதத்தால் காயம் விளைவித்த 118(1)-ம், கணவர் வீட்டுக் கொடுமைக்கான 85-ம் (பழைய 498ஏ) தமிழ்நாட்டில் அப்படித்தான். ஒரே ஒரு பிரிவு வெளியே நின்றாலும் உயர் நீதிமன்றம்தான் வழி.

அங்கே பி.என்.எஸ்.எஸ். 528-வது பிரிவின் கீழ் (பழைய 482) குவாஷ் மனு, அதாவது வழக்கை ரத்து செய்யக் கோரும் மனு போட வேண்டும். 2024 ஜூலை 1-க்கு முந்தைய சம்பவமானால் குற்றப்பிரிவுகள் ஐ.பி.சி. (பழைய தண்டனைச் சட்டம்) எண்ணிலேயே இருக்கும், குழம்ப வேண்டாம். கன்னியாகுமரி முதல் திருச்சி, தஞ்சை, கரூர் வரை மதுரைக் கிளை. சென்னை, கோவை, சேலம் போன்றவை சென்னை. எதிரிகள், அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்கள், மனுதாரர்கள்; இன்ஸ்பெக்டர் மூலம் அரசு முதல் எதிர்மனுதாரர், புகார்தாரர் இரண்டாமவர். குற்றப்பத்திரிகையை நீதிமன்றம் கோப்புக்கு எடுத்திருந்தால் எஃப்.ஐ.ஆரின் குற்ற எண் மட்டும் போதாது, நீதிமன்றம் வழக்குக்குத் தந்த சி.சி. எண்ணைக் குறிப்பிட்டு அந்த வழக்கையே ரத்து செய்யக் கேளுங்கள்.

பெரும்பாலும் கோளாறு வருவது சமாதான மெமோவில். புகார்தாரர் மட்டும் கையெழுத்திட்டால் போதும் என்று நினைக்கிறார்கள். காயம்பட்ட ஒவ்வொருவரும் போட வேண்டும். எதிரிகளில் ஒருவர் விடுபட்டால் அவர்மேல் வழக்கு நிற்கும். கவுண்டர் கேஸ் (எதிர்த்தரப்பு கொடுத்த வழக்கு) இருந்தால் இரண்டுக்கும் சேர்த்தே மனு போடுங்கள். ஒன்று முடிந்ததும் மற்றதில் மனம் மாறுவது சகஜம். ‘பொய்ப் புகார் கொடுத்துவிட்டேன்’ என்று புகார்தாரர் எழுதவே கூடாது, அது அவர்மேலேயே திரும்பும். ‘பேசித் தீர்த்துக்கொண்டோம், மேற்கொண்டு வழக்கு நடத்த விருப்பமில்லை, யாருடைய வற்புறுத்தலும் இல்லை’ என்பது போதும். பணம் உண்டென்றால் தொகை, டி.டி. எண், தேதி மூன்றும் மெமோவில் ஏற வேண்டும். ‘பிறகு தருகிறேன்’ என்ற வாய்ச்சொல்லை நம்பிக் கையெழுத்திடாதீர்கள்.

வாய்தா அன்று இரு தரப்பும் ஆதாரோடு நேரிலோ, அனுமதித்தால் காணொளியிலோ ஆஜராக வேண்டும். ஸ்டேஷனிலிருந்து வரும் போலீஸ்காரர் ஆளை அடையாளம் காட்டுவார். ‘சம்மதித்துத்தான் கையெழுத்துப் போட்டீர்களா?’ என்று நீதிபதி கேட்பார். அங்கே தயங்கினால் மனு தங்கிவிடும்.

எல்லாவற்றுக்கும் சமாதானம் செல்லாது. 2012-ல் கியான் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் கோடு போட்டது: குடும்பம், வியாபாரம், பணம் சார்ந்த சொந்தத் தகராறுகளை ரத்து செய்யலாம், கொலை, பாலியல் வன்முறை, கொள்ளை போன்றவற்றைக் கூடாது. ஆசிரியர்மீதான ஒரு போக்சோ வழக்கு சமரசத்தால் ரத்தானதை 2024-ல் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. கொலை முயற்சி நடுவில் நிற்கிறது: காயம் எந்த உறுப்பில், என்ன ஆயுதம், விசாரணை எந்தக் கட்டம் என்று பார்ப்பார்கள். எனவே காயச் சான்றை மனுவோடு இணையுங்கள். சாட்சி விசாரணை முடியும்வரை இழுக்காதீர்கள்.

‘குவாஷ் எதற்கு, சாட்சிகளைக் கோர்ட்டில் சொல் மாற்றிப் பிறழவைத்தால் போதாதா?’ என்பார்கள். தமிழ்நாடு காவலர் தேர்வு விதிகளில், புகார்தாரர் பிறழ்ந்ததால் விடுதலையானவரும் வழக்கில் சம்பந்தப்பட்டவராகவே கருதப்படுவார். வீட்டில் வேலை தேடும் பிள்ளை இருந்தால் இதை யோசியுங்கள்.

உத்தரவு வந்ததும் சான்றிட்ட நகல்கள் வாங்கி, ஒன்றை விசாரணை நீதிமன்றத்திலும் ஒன்றை ஸ்டேஷனிலும் கொடுத்து ஒப்புகை பெறுங்கள். கீழ்க்கோர்ட் கோப்பில் உத்தரவு சேராவிட்டால் அடுத்த வாய்தாவுக்கு வராதவர் என்று வாரண்ட் பிறக்கும். இன்னொரு நகல் பாஸ்போர்ட் விசாரணைக்கு உதவும்.