கடலூர், புதுச்சேரியிலிருந்து உலகப் போட்டிகளுக்கு வாலண்டியராகப் போக

முதலில் பணக் கணக்கு. ஒலிம்பிக், காமன்வெல்த், கால்பந்து உலகக் கோப்பை எதுவானாலும் வாலண்டியருக்குச் சம்பளம் கிடையாது. சீருடை, பயிற்சி, வேலை நேரத்தில் ஒரு வேளைச் சாப்பாடு, போட்டி நடக்கும் ஊருக்குள் பஸ், மெட்ரோவில் இலவசப் பயணம், முடிவில் ஒரு சான்றிதழ். பொதுவாகக் கிடைப்பது இவ்வளவுதான். விமான டிக்கெட்டும் தங்கும் செலவும் பெரும்பாலும் நம் கையிலிருந்து போவது. 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் பணியாற்றிய சுமார் 45,000 பேருக்கும் இதே ஏற்பாடுதான். மேட்ச் பார்க்கலாம் என்ற ஆசையோடும் போக வேண்டாம். அரங்கத்துக்குள் வேலை கிடைத்தாலும் முகம் பார்வையாளர் பக்கம், முதுகுதான் மைதானத்தின் பக்கம்.

போட்டி வேறு கடுமையானது. பாரிஸுக்கு 3 லட்சத்துக்கு மேல் விண்ணப்பங்கள் வந்தன. 2022 கத்தார் உலகக் கோப்பையில் 20,000 இடங்களுக்கு 4 லட்சத்துக்கு மேல். விளையாட்டு ஆர்வம் உண்டு என்று எழுதி இந்தக் கூட்டத்தில் தனியாகத் தெரிய முடியாது. செய்த வேலையைக் காட்டினால்தான் தெரிவோம். அதனால் இந்தப் பக்கத்து ஆட்களுக்கு நாங்கள் சொல்லும் வரிசை இது: முதலில் ஆரோவில் மாரத்தான், அடுத்து சென்னைப் பக்கத்துப் போட்டிகள், அதன்பின் 2030 அகமதாபாத் காமன்வெல்த். விசா இல்லை, ரயிலிலேயே போய்விடலாம், இந்தியும் ஆங்கிலமும் சமாளித்தால் போதும். வெளிநாட்டுப் போட்டிகளை இதற்கு நடுவில் முயன்று பாருங்கள். கிடைத்தால் சரி.

உள்ளூரில் கணக்குத் தொடங்குவது

பிப்ரவரியில் நடக்கும் ஆரோவில் மாரத்தான் வாலண்டியர்களின் தோளில்தான் நிற்கிறது. அதில் தண்ணீர் மேசை வேலையைக் கேட்டு வாங்குங்கள். சாதாரண வேலையாகத் தெரியும், ஆனால் கூட்டத்தைக் கையாள்வது என்றால் என்ன என்று ஒரே காலையில் புரிந்துவிடும். கோப்பையில் முக்கால் அளவுக்கு மேல் ஊற்றக் கூடாது. ஓடிக்கொண்டே வாங்குபவர் கையில் பாதி சிந்திவிடும். எல்லாரும் முதல் மேசையிலேயே மொய்ப்பார்கள் என்பதால் ஒருவர் முன்னால் நின்று, "பின்னாலயும் தண்ணி இருக்கு" என்று கூவிக்கொண்டே இருக்க வேண்டும். குப்பைத் தொட்டியை மேசைக்குப் பக்கத்தில் வைத்தால் பயனில்லை. குடித்து முடித்துக் கோப்பையை வீசும் இடம் ஐம்பது மீட்டர் தள்ளித்தான் வரும். தொட்டியும் அங்கேதான் இருக்க வேண்டும். வாழைப்பழ மேசை தண்ணீருக்குப் பிறகு வரட்டும். தோல் ஓடுபாதையில் விழாமல் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் தனியாகத் தேவை.

சென்னைப் பக்கம் வாய்ப்புகள் கூடிக்கொண்டே வருகின்றன. 2022இல் 44ஆவது செஸ் ஒலிம்பியாட் மாமல்லபுரத்தில் நடந்தது. புதுச்சேரியிலிருந்து ஈ.சி.ஆரில் நூறு கிலோமீட்டர்கூட இல்லை. 2023 ஆகஸ்டில் ஆசிய சாம்பியன்ஸ் கோப்பை ஹாக்கி, 2024 ஜனவரியில் கேலோ இந்தியா இளையோர் விளையாட்டு, 2025 ஆகஸ்டில் மாமல்லபுரத்தில் ஆசிய அலைச்சறுக்குப் போட்டி, அதே ஆண்டுக் கடைசியில் சென்னையிலும் மதுரையிலும் ஜூனியர் ஹாக்கி உலகக் கோப்பை. இப்படிப்பட்ட போட்டிகளுக்குத் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்தின் அறிவிப்புகளையும் அந்தந்த விளையாட்டுச் சங்கங்களின் பக்கங்களையும் பார்த்து வாருங்கள். கல்லூரி மாணவர்களை நாட்டு நலப்பணித் திட்டம் வழியாக அழைப்பதும் உண்டு. அத்திட்டத்தில் இரண்டு ஆண்டில் 240 மணி நேரமும் ஒரு சிறப்பு முகாமும் முடித்தவர்கள் அந்தச் சான்றிதழைப் பத்திரமாக வைத்திருங்கள். வெளிநாட்டு விண்ணப்பத்திலும் அது எடுபடும்.

கடற்கரை ஊர்ப் பிள்ளைகளுக்கு இங்கே ஒரு வார்த்தை. தேவனாம்பட்டினத்திலோ வீராம்பட்டினத்திலோ வளர்ந்து, அலையில் நீந்தவும் படகு ஓட்டவும் தெரிந்தவர்கள் அதைத் திறமை என்றே நினைப்பதில்லை. படகோட்டம், அலைச்சறுக்கு, திறந்தநீர் நீச்சல் போன்ற போட்டிகளில் அந்தத் திறமைக்கு ஆள் கிடைப்பது அரிது. உயிர்காப்புப் பயிற்சிச் சான்றிதழ் ஒன்று கையில் இருந்தால், விண்ணப்பத்தில் முதல் வரியிலேயே அதை எழுதுங்கள்.

எப்போது, எத்தனை மணிக்கு

விண்ணப்பச் சாளரம் பெரும்பாலும் போட்டிக்கு ஓராண்டு, ஒன்றரை ஆண்டு முன்பே திறந்து சில வாரங்களில் மூடிவிடும். பாரிஸுக்கு 2023 மார்ச் 22 முதல் மே 3 வரைதான். போட்டி நெருங்கிச் செய்தித்தாளில் படித்துவிட்டுத் தேடினால் ஓராண்டு தாமதம். 2028 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக் ஜூலை 14 முதல் 30 வரை. 2030 பிப்ரவரியில் பிரெஞ்சு ஆல்ப்ஸ் குளிர்கால ஒலிம்பிக், அதே ஆண்டில் அகமதாபாத். 2032 பிரிஸ்பேன் ஜூலை 23இல் தொடங்கும். ஒவ்வொன்றின் அதிகாரப்பூர்வ இணையதளத்திலும் மின்னஞ்சல் அறிவிப்புக்கு இப்போதே பதிந்துவிடுங்கள்.

கடைசி நாள் நள்ளிரவு என்றால் அது அந்த ஊர் நள்ளிரவு. ஜப்பானில் கடைசி நாள் முடியும் நள்ளிரவு நமக்கு அதே நாள் இரவு எட்டரை மணி. பாரிஸில் கோடையில் நமக்கும் அவர்களுக்கும் மூன்றரை மணி நேர வித்தியாசம், குளிர்காலத்தில் நாலரை. மார்ச் கடைசி ஞாயிறு அவர்கள் கடிகாரத்தை மாற்றுவார்கள். அந்த வாரத்தில் வீடியோ நேர்காணல் வைத்திருந்தால் நேரத்தை இரண்டு முறை பார்த்துக்கொள்ளுங்கள். அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான நேர்காணலுக்கு இன்னொரு முன்னெச்சரிக்கையும் வேண்டும். புயல் சின்னம் உருவானால் கடலூரில் முதலில் போவது கரண்ட், அடுத்தது பிராட்பேண்ட். முழுச் சார்ஜ் போட்ட லேப்டாப், வேறொரு நிறுவனத்தின் சிம்மில் ஹாட்ஸ்பாட், இரண்டும் தயாராக இருக்கட்டும்.

பெயர்

நம் ஊர் விண்ணப்பங்கள் அதிகம் சிக்குவது இங்கேதான். மதிப்பெண் பட்டியலில் "முருகன் எஸ்", ஆதாரில் "எஸ் முருகன்", பாஸ்போர்ட்டில் "முருகன் சிவராமன்" என்றிருந்தால் வெளிநாட்டுக் கணினிக்கு மூன்றும் மூன்று ஆட்கள். அடையாள அட்டைக்கு முன் நடக்கும் பின்னணிச் சோதனையில் பெயர் பொருந்தாமல் விண்ணப்பம் தேங்கிவிடும். உங்களுக்கு மின்னஞ்சல் வரும், அது ஸ்பாமுக்குப் போகும், நாள் கடந்துவிடும்.

செய்ய வேண்டியது இது. பாஸ்போர்ட்டின் புகைப்படப் பக்கத்தில் அடியில், அம்புக்குறி போன்ற அடையாளங்களோடு இரண்டு வரி இருக்கும். அதில் பெயர் எந்த எழுத்துக்கூட்டலில், எந்த வரிசையில் இருக்கிறதோ அப்படியே விண்ணப்பத்தில் அடியுங்கள். வழக்கமாக எழுதும் பெயர், கூப்பிடும் பெயர் எதுவும் வேண்டாம். புதிதாகப் பாஸ்போர்ட் எடுப்பவர்கள் இனிஷியலை அப்படியே போடாமல் விரித்து, குடும்பப் பெயர் என்ற கட்டத்தில் அப்பா பெயரையாவது நிரப்புவது நல்லது. ஒற்றைப் பெயர் மட்டும் உள்ள பாஸ்போர்ட்டுக்கு வருகை விசா இல்லை என்று ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் விதி போட்டது. அமெரிக்க விசாவில் அப்படிப்பட்டவரின் பெயரைக் குடும்பப் பெயர் இடத்தில் அச்சிட்டு, முதல் பெயர் தெரியவில்லை என்று பொருள்படும் மூன்றெழுத்தைச் சேர்த்துவிடுவார்கள். 36 பக்கச் சாதாரணப் பாஸ்போர்ட்டுக்குக் கட்டணம் 1,500 ரூபாய், தட்கல் என்றால் இன்னும் 2,000. போட்டி முடிந்த பிறகும் ஆறு மாதம் செல்லுபடியாக வேண்டும்.

விண்ணப்பத்தில் எழுதுவது

மொழிக் கட்டத்தைக் கவனமாக நிரப்புங்கள். புதுச்சேரிக்காரர்களுக்கு இதில் ஒரு கூடுதல் பலம் இருக்கிறது. பிரெஞ்சு தெரிந்த இந்திய விண்ணப்பதாரர்கள் குறைவு. ஒலிம்பிக் இயக்கத்தின் இரண்டு அலுவல் மொழிகளில் பிரெஞ்சும் ஒன்று. பள்ளியில் படித்தது மறந்துவிட்டது என்றால் சுஃப்ரேன் வீதி அலியான்ஸ் பிரான்சேஸில் வகுப்பில் சேர்ந்து டெல்ஃப் என்ற பிரெஞ்சு மொழித் தேர்வு எழுதுங்கள். அதில் மூன்றாம் படியான பி1 நிலை இருந்தால்தான் வழி கேட்கும் ஆளுக்குத் தடுமாறாமல் பதில் சொல்ல முடியும். தெரியாத மொழியைத் தெரியும் என்று டிக் செய்யாதீர்கள். நேர்காணல் நடுவில் திடீரென்று அந்த மொழிக்கு மாறுவார்கள். தமிழைக் குறிப்பிட மறக்க வேண்டாம். இலங்கை, மலேசியா, சிங்கப்பூர்ப் பார்வையாளர்களும் வருவார்கள்.

எதற்காக வர விரும்புகிறீர்கள் என்ற கேள்விக்குச் சிறு வயதிலிருந்தே விளையாட்டு உயிர் என்று எழுதுபவர்கள் ஆயிரக்கணக்கில். "அதிகாலை 4 மணி முதல் 11 மணி வரை தண்ணீர் மேசை. ஆறு பேர் குழு. இரண்டு பேருக்கு மயக்கம் வந்தது, மருத்துவக் குழுவை அழைத்தேன்" என்ற மாதிரி எழுதுங்கள். செய்த வேலை, மணி நேரம், ஆள் எண்ணிக்கை, எழுந்த சிக்கல், எடுத்த நடவடிக்கை. மூன்று வரி போதும். உங்களைத் தெரிந்த ஒருங்கிணைப்பாளர் பெயரையும் அவரிடம் சொல்லிவிட்டுப் போடுங்கள்.

உடை அளவு கேட்கும் இடத்தில் நம் ஊர் அளவைப் போடாமல் இஞ்ச் டேப்பால் மார்பளவு எடுத்து அவர்கள் பட்டியலோடு ஒப்பிடுங்கள். ஐரோப்பிய மீடியம் நமக்குத் தொளதொளவென்று இருக்கும். சைவம் என்றால் உணவுக் கட்டத்தில் எழுதுங்கள். அங்கே போய்ச் சொன்னால் ரொட்டியும் ஆப்பிளும்தான்.

வேலையைத் தேர்ந்தெடுப்பது

பெரும்பாலோர் கேட்பது மைதானத்துக்குள் வேலை. அதற்கு அந்த விளையாட்டிலேயே அனுபவம் வேண்டும். பார்வையாளர் சேவை, போக்குவரத்து, அட்டை வழங்கும் மையம், மொழிச் சேவை ஆகியவற்றில்தான் இடம் அதிகம். அதிகம் பேருக்குத் தெரியாத ஒரு வேலையையும் சொல்ல வேண்டும்: ஊக்கமருந்துச் சோதனையில் ஷாப்பரோன். போட்டி முடிந்த வீரரிடம் சோதனைக்குத் தேர்வானதை முறைப்படி தெரிவித்துக் கையெழுத்து வாங்கி, சோதனை அறை வரை அவரைக் கண்பார்வையிலிருந்து விடாமல் கூடவே போவதுதான் வேலை. பதக்க மேடை, பத்திரிகையாளர் சந்திப்பு, உடற்சூட்டைத் தணிக்கும் ஓட்டம், மருத்துவச் சிகிச்சை என்று வீரர் தாமதம் கேட்கலாம். கேட்டதும் சரி என்று சொல்லிவிடக் கூடாது, பொறுப்பு அதிகாரியிடம் கேட்டுத்தான். குடிக்க நீங்களாக எதையும் நீட்டக் கூடாது. மூடி திறக்காத பாட்டில்களிலிருந்து வீரரே எடுத்துக்கொள்ள வேண்டும். மாதிரிக்குக் குறைந்தது 90 மில்லிலிட்டர் சிறுநீர் தேவை. வியர்த்து வற்றிப்போன மாரத்தான் வீரருக்கு அது வர இரண்டு மணி நேரம்கூட ஆகும். பொறுமைதான் இங்கே தகுதி. வீரரோடு செல்ஃபி எடுத்தால் அன்றே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

விசாவும் ஏஜெண்டும்

தேர்வுக் கடிதம் விசா ஆகாது. எந்த வகை விசா என்பதை ஏற்பாட்டுக் குழுவின் வழிகாட்டலையும் தூதரக இணையதளத்தையும் பார்த்தே முடிவு செய்யுங்கள். சுற்றுலா விசாவில் வாலண்டியர் வேலை செய்யச் சில நாடுகள் அனுமதிப்பதில்லை. பிரான்ஸ் போன்ற ஷெங்கன் நாடுகளுக்கு, அதாவது ஒரே விசாவில் போகக்கூடிய ஐரோப்பிய நாடுகளுக்கு, குறுகிய கால விசாக் கட்டணம் 90 யூரோ, குறைந்தது 30,000 யூரோவுக்கு மருத்துவக் காப்பீடு, பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம். புதுச்சேரியிலேயே விண்ணப்ப மையம் உண்டு. தாங்களே பிரெஞ்சுக் குடியுரிமை வைத்திருப்பவர்களுக்கு இந்தத் தலைவலியே இல்லை. விசா கைக்கு வரும்வரை திரும்பப் பணம் தராத டிக்கெட் எடுக்காதீர்கள்.

வாலண்டியர் விண்ணப்பத்துக்குக் கட்டணம் கிடையாது. "ஒலிம்பிக் வாலண்டியர் விசா, அங்கே போய் வேலை வாங்கித் தருகிறேன்" என்று யாராவது பணம் கேட்டால் அது மோசடி. அந்த வழியில் போய் அங்கேயே தங்கிவிட நினைப்பவர்களால் அடுத்து விண்ணப்பிக்கும் நம் ஊர்ப் பிள்ளைகளின் விசாவும் சேர்ந்து அடிபடும்.

போன பிறகு

ஒரு ஷிப்ட் எட்டு, ஒன்பது மணி நேரம், பெரும்பாலும் நின்றபடி. மூன்றாம் நாள் கால் பேசும். புது ஷூவோடு போகாதீர்கள். ஒரு மாதமாவது போட்டு நடந்த ஷூ, மாற்ற இரண்டு ஜோடி காட்டன் கலக்காத சாக்ஸ். காட்டன் ஈரத்தை வைத்துக்கொண்டு கொப்புளம் போட்டுவிடும். இரவு ஷிப்ட் என்றால் கடைசி ரயில் எப்போது என்று முன்பே பார்த்துத் தங்குமிடம் பிடியுங்கள். வாடகை குறைவு என்று ஊருக்கு வெளியே எடுத்தவர்கள் மிச்சம் பிடித்ததை டாக்ஸிக்குக் கொடுப்பார்கள்.

கழுத்தில் தொங்கும் அட்டையைப் படம் எடுத்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போடக் கூடாது. அதிலுள்ள பார்கோடை நகலெடுக்க முடியும் என்பதால் ரத்துசெய்துவிடுவார்கள். அட்டையில் உள்ள எழுத்துகளும் எண்களும் நீங்கள் எந்தப் பகுதிக்குள் போகலாம் என்பதைக் காட்டுபவை. வேறு வாசலில் நண்பரைப் பார்க்கப் போனால் காவலர் விடமாட்டார், விடவும் கூடாது.

ஏற்பாட்டுக் குழு என்பது போட்டிக்காகவே உருவாகி, முடிந்த சில மாதங்களில் கலைந்துபோகும் அமைப்பு. அவர்களுடைய இணையதளமும் மின்னஞ்சல் முகவரிகளும் அதோடு செயலிழக்கும். அதனால் ஊர் திரும்பிய வாரத்திலேயே சான்றிதழையும் பணி நேரப் பதிவையும் இறக்கிக்கொள்ளுங்கள். மேற்பார்வையாளரிடம் அவருடைய சொந்த மின்னஞ்சலையோ லிங்க்ட்இன் கணக்கையோ கேட்டு வாங்கி வையுங்கள். அடுத்த விண்ணப்பத்தில் பரிந்துரைப்பவர் என்ற கட்டத்தை நிரப்ப அது வேண்டும்.