சுவர்க் கடிகாரம் பின்தங்குகிறதா? இடத்தை மாற்றிப் பாருங்கள்

பேட்டரியில் ஓடும் குவார்ட்ஸ் சுவர்க் கடிகாரம் மாதத்துக்கு அரை நிமிஷம் பின்தங்கினால், உடனே கடைக்குத் தூக்கிக்கொண்டு ஓட வேண்டாம். மேற்கு வெயில் ஏறும் சுவரிலோ அடுப்புக்கு மேலேயோ இருந்தால் கழற்றி, நிழலான உள்சுவரில் மாட்டுங்கள்.

உள்ளே அரிசி மணியைவிடச் சற்றே பெரிய உலோகக் குப்பிக்குள், இசைக்கவை வடிவில் வெட்டிய குவார்ட்ஸ் படிகம் நொடிக்கு 32,768 தடவை அதிர்கிறது. (காலத்தைக் கட்டும் மந்திரக்கல் என்று யாராவது விற்றால் வாங்காதீர்கள், வீட்டிலேயே இருக்கிறது!) சுமார் 25 டிகிரி செல்சியஸில் சரியாக ஓடும்படி வெட்டியிருப்பார்கள், சூடு கூடினாலும் சரி, குறைந்தாலும் சரி, அதிர்வு மந்தமாகத்தான் ஆகும். 45 டிகிரியில் நாளுக்கு ஒரு நொடிக்குச் சற்று மேல் பின்தங்கிவிடும். கைக்கடிகாரத்தையும் கார் டேஷ்போர்டில் போட்டு வைக்காதீர்கள்.

கடிகாரம் முந்தினால் அதற்கு வெயில் காரணமில்லை. நாளுக்கு நிமிஷக் கணக்கில் பின்தங்கினால் முதலில் பேட்டரியை மாற்றுங்கள், அப்புறமும் சரியாகாவிட்டால் பல்சக்கரத்தில் தூசியாக இருக்கலாம். சாவி கொடுக்கும் கடிகாரத்தில் படிகமே கிடையாது, இந்த விளக்கம் அதற்குப் பொருந்தாது.