அன்ரேட்டட் படங்களை வில்லங்கம் இல்லாமல் டவுன்லோடு செய்வது எப்படி?

'அன்ரேட்டட்' என்றாலே பலான படம் என்று நினைத்துவிடுகிறோம். அப்படியில்லை. அமெரிக்காவில் வயதுவாரித் தரமுத்திரை 1968 நவம்பரில்தான் வந்தது. அதற்கு முந்தைய படங்கள் பலவற்றுக்கும், முத்திரைக்கு அனுப்பாமலே வெளியிடும் நீளமான பதிப்புகளுக்கும் அது இருக்காது; அவைதான் அன்ரேட்டட். ஆனால் வைரஸ் பரப்புகிறவர்களுக்கு இந்தச் சொல் நல்ல தூண்டில்.

1. கூகுளில் 'ஃப்ரீ டவுன்லோடு' என்று தேடவே வேண்டாம். ஜஸ்ட்வாட்ச் தளத்தில் உங்கள் நாட்டைத் தேர்ந்தெடுத்து, படத்தின் பெயரைக் கொடுங்கள். சந்தா, வாடகை, விலை எதில் எங்கே கிடைக்கிறது என்று காட்டிவிடும்.

2. பணம் கட்டுமுன் படம் ஓடும் நேரத்தைப் பாருங்கள். தியேட்டர் பதிப்பும் அன்ரேட்டட் பதிப்பும் ஒரே போஸ்டரோடு தனித்தனியாக இருக்கும். சில நிமிட வித்தியாசம்தான் அடையாளம்.

3. படம் கிடைக்கும் தளத்தின் ஆப்பிலேயே கீழ்நோக்கிய அம்புக்குறியைத் தட்டுங்கள். படம் கேலரியில் வராது, அந்த ஆப்பில் மட்டுமே ஓடும். வாடகைப் படமென்றால் பெரும்பாலும் 30 நாளுக்குள் பார்க்கத் தொடங்க வேண்டும். தொடங்கிவிட்டால் 48 மணி நேரம்தான். பயணத்துக்காக எடுத்துவைத்ததை 'ஓடுதா பார்ப்போம்' என்று தட்டினால் அப்போதே கணக்கு ஆரம்பித்துவிடும்!

4. காசில்லாமல் வேண்டுமா? இன்டர்நெட் ஆர்கைவ் என்ற இலவச இணைய நூலகம் இருக்கிறது. 1968-இல் வந்த 'நைட் ஆஃப் தி லிவிங் டெட்' படத்துக்குப் பெயர் மாற்றியபோது காப்புரிமைக் குறிப்பு விடுபட்டது; அதனால் அமெரிக்காவில் அது பொதுச்சொத்து. ஆர்கைவில் இருப்பதெல்லாம் அப்படி அல்ல, நாட்டுக்கு நாடு சட்டமும் மாறும். படத்தின் பக்கத்தில் உரிமை விவரத்தைப் படித்துவிட்டு எடுங்கள்.

5. டவுன்லோடு ஆன ஃபைலைத் திறக்குமுன் பெயரின் கடைசி எழுத்துகளைக் கவனியுங்கள். எம்பி4, எம்கேவி என்றால் வீடியோ. ஈஎக்ஸ்ஈ, ஏபிகே என்றால் அது படமே இல்லை, உடனே அழியுங்கள். விண்டோஸ் இந்த வாலை மறைத்துவைக்கும் என்பதால்தான் பலர் ஏமாறுகிறார்கள். விண்டோஸ் 11-இல் ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் வியூ, ஷோ, ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ் என்று போய் டிக் செய்யுங்கள்; 'எம்பி4'-க்குப் பின்னால் ஒளிந்திருக்கும் 'ஈஎக்ஸ்ஈ' வெளியே வந்துவிடும். 'கோடெக் (வீடியோவை ஓடவைக்கும் துணை மென்பொருள்) இன்ஸ்டால் செய்தால்தான் ஓடும்' என்று கேட்டால் நம்பாதீர்கள். விஎல்சி பிளேயரே போதும். முன்பின் தெரியாத இலவசத் தளம் வயதைச் சரிபார்க்க கார்டு நம்பர் கேட்டால், பேசாமல் மூடிவிட்டு வெளியேறுங்கள்.

6. வீட்டில் பிள்ளைகள் இருந்தால் உங்கள் புரொஃபைலுக்குப் பின் நம்பர் போட்டுப் பூட்டுங்கள், படம் பார்த்து முடித்ததும் டவுன்லோட்ஸ் பகுதியில் போய் அழித்துவிடுங்கள்.