கொலை கேஸ் அப்பீல் கட்டை எங்கேர்ந்து படிக்க ஆரம்பிக்கணும்

ஜூனியரா சேர்ந்த புதுசுல சீனியர் ஒரு கட்டை, அதாவது கேஸ் காகிதமெல்லாம் சேர்ந்த பண்டலைக் குடுத்து படிச்சிட்டு வான்னாரு, நான் நேரா தீர்ப்பைப் பிரிச்சு உக்காந்தேன். அதான் தப்பு. தீர்ப்பை மொதல்ல படிச்சா ஜட்ஜ் நம்பினதையே நாமளும் நம்ப ஆரம்பிச்சிடுவோம், அப்புறம் ஓட்டையே கண்ணுல படாது.

வேலூர் செஷன்ஸ் கோர்ட்ல ஆயுள் தண்டனைன்னா அப்பீல் சென்னை ஹைகோர்ட்ல, டைம் 60 நாள், காப்பி வாங்க ஆன நாளைக் கழிச்சுக்கலாம். வசதியில்லாதவங்க தொரப்பாடி ஜெயில் சூப்பரிண்டெண்ட் மூலமாவே மனு அனுப்பலாம், லீகல் எய்ட்ல வக்கீலும் குடுப்பாங்க. இது தெரியாம நெலத்தை அடமானம் வெச்சுக்கினு ஓடி வர்ற குடும்பம் நெறைய.

சரி, கட்டுக்கு வருவோம். ஒரு பெரிய பேப்பர் எடுத்து கோடு போடு. யார் சொன்னது, என்ன சொன்னாங்க, எந்த தேதில சொன்னாங்க, அந்த காகிதம் போலீஸ் கையை விட்டு எப்போ வெளிய போச்சு. இந்த கடைசிக் கட்டம்தான் முக்கியம். எஃப்.ஐ.ஆர்ல ராத்திரி 10 மணின்னு இருக்கும், மாஜிஸ்ட்ரேட் வாங்கின நேரம் மறுநாள் மத்தியானம்னு அவர் கையெழுத்துலயே இருக்கும், ஸ்டேஷன்லேர்ந்து அவர் வீடு பத்து நிமிஷ தூரம். நடுவுல என்ன நடந்துச்சு? லேட்டுங்கிறதால மட்டும் கேஸ் விழாது, ஆனா அந்த கேப்புல பேர் சேர்ந்துச்சான்னு பாக்கணும். போலீஸ் சாட்சிகளை விசாரிச்சு எழுதின ஸ்டேட்மெண்ட்டெல்லாம் (பழைய சட்டத்துல பிரிவு 161, 2024 ஜூலைலேர்ந்து புது சட்டத்துல 180) ரெண்டு மாசம் கழிச்சு கோர்ட்டுக்கு வந்திருந்தாலும் இதே கேள்விதான்.

அடுத்து ஆஸ்பத்திரி ஏ.ஆர். காப்பி, அதாவது ஆக்சிடென்ட் ரெஜிஸ்டர். அடிபட்டவரைத் தூக்கிட்டு வந்தப்ப டியூட்டி டாக்டர் கேட்டு எழுதினது, பெரும்பாலும் போலீஸ் வர்றதுக்கு முன்னாடியே. அதுல "தெரிந்த 2 நபர்கள், கத்தி"ன்னு இருந்து, எஃப்.ஐ.ஆர்ல 5 பேர், அருவா, உருட்டுக்கட்டைன்னு இருந்தா மீதி 3 பேர் எங்கேர்ந்து மொளைச்சாங்க?

நேர்ல பார்த்த சாட்சிக்கு 1957 வடிவேலு தேவர் கேஸ்தான் இன்னிக்கும் அளவுகோல். சாட்சி மூணு வகை: முழுசா நம்பலாம், துளியும் நம்ப முடியாது, ரெண்டுக்கும் நடுவுல. மொத வகைன்னா ஒத்தை சாட்சியே போதும். நடு வகைக்கு வேற ஆதாரம் தோள் குடுக்கணும், நம்ம கிட்ட வர்றது முக்கால்வாசி இந்த வகைதான். செத்தவரோட சொந்தக்காரன்னு சொல்லி சாட்சியைத் தள்ள முடியாது, உண்மையா கொன்னவனை விட்டுட்டு வேற ஆளை ஏன் மாட்டிவிடப் போறான்னு பெஞ்ச் கேக்கும். அந்த நேரத்துல சாட்சி அங்க இன்னாத்துக்கு வந்தான்னு நோண்டு. தெரு லைட் வெளிச்சத்துல பார்த்தேன்றானா, சம்பவ இடத்தைப் பார்த்து போலீஸ் எழுதின அப்சர்வேஷன் மகஜர், வரைஞ்ச ரஃப் ஸ்கெட்ச் ரெண்டுலயும் லைட் கம்பம் இருக்கான்னு பாரு.

ஒண்ணு மறக்காத. முரண்பாடு கண்டுபிடிச்சிட்டோம்னு குதிக்கிறதுக்கு முன்னாடி, கீழ்க்கோர்ட்ல அதை சாட்சி கிட்ட சொல்லிக் கேட்டு, ஐ.ஓ. (விசாரணை அதிகாரி) வாயாலயும் நிரூபிச்சிருக்காங்களான்னு பாரு. இல்லன்னா எவ்ளோ பெரிய முரண்பாடா இருந்தாலும் அப்பீல்ல உதவாது. இதுல நான் அசிங்கப்பட்டிருக்கேன்.

ரெக்கவரிக்கு வா, அதாவது அக்யூஸ்ட் சொல்லி ஆயுதம் எடுத்ததா போலீஸ் காட்டுறது. "நான்தான் வெட்டினேன்" போலீஸ் கிட்ட சொன்னா செல்லாது, "பாலாத்து முள்ளுப்புதர்ல போட்ட கத்தியை எடுத்துத் தரேன்" அந்த துண்டு மட்டும் செல்லும். புதர் யார் வேணாலும் போய் வர்ற இடமா, மகஜர் சாட்சியா வந்த வி.ஏ.ஓ.வும் தலையாரியும் வார்த்தை மாறாம ஒப்பிக்கிறாங்களா, லேப் ரிப்போர்ட்ல வெறும் மனித ரத்தம்னு இருக்கா, செத்தவரோட ரத்த க்ரூப்பும் ஒத்துப்போகுதா. சில கேஸ்ல முன்னபின்ன தெரியாத வி.ஏ.ஓ. ஆபீஸுக்கே அக்யூஸ்ட் போய் மனசு விட்டு அழுது ஒத்துக்கிட்டதா இருக்கும். நம்ம ஊர்ல சாதி சர்டிபிகேட் வாங்கவே ஆள் புடிச்சுக்கினு போறோம், இதுக்கு மட்டும் தனியா போயிடுவானா? கோர்ட்டும் இதை பலவீனமான ஆதாரமாத்தான் பாக்கும்.

நேர் சாட்சியே இல்லன்னா 1984 சரத் பிர்திசந்த் சார்தா கேஸ்தான் அளவுகோல். ஒவ்வொரு கண்ணியும் தனித்தனியா நிரூபணம் ஆகியிருக்கணும், சங்கிலி வேற யாருக்கும் இடம் குடுக்காம மூடணும். செத்தவரை அக்யூஸ்ட் கூட கடைசியா பார்த்தேன்னு ஒருத்தர் சொன்னா, அந்த நேரத்துக்கும் பொணம் கெடைச்ச நேரத்துக்கும் எவ்ளோ இடைவெளின்னு எண்ணு.

இப்போ தீர்ப்பைப் பிரி. உன் பேப்பர்ல இல்லாத எதை வெச்சு தண்டனை குடுத்திருக்காங்களோ அங்கெல்லாம் பென்சில்ல கோடு போடு, அப்பீல் கிரவுண்ட்ஸ், அதாவது தீர்ப்பு ஏன் தப்புங்கிற காரணங்களை, அந்த இடங்கள்லேர்ந்து எழுதத் தொடங்கு.