உங்களுக்கான வேடத்தை நீங்களே எழுதுவது எப்படி?

நடிக்கத் தெரியும், கூப்பிடத்தான் ஆளில்லை என்று உட்கார்ந்திருக்கிறீர்களா? ஜிம்மி பெர்ரி செய்ததைச் செய்து பாருங்கள். பிபிசியின் 'டாட்ஸ் ஆர்மி' என்ற நகைச்சுவைத் தொடருக்கு விதை போட்டவர் இவர், ஆனால் அதைப் பார்த்துச் சிரித்தவர்களிலேயே பலருக்கு இந்தப் பெயர் தெரியாது. 1967-இல் இவர் நாற்பதைத் தாண்டியும் டிவியில் துக்கடா வேடங்களில் தலைகாட்டிக்கொண்டிருந்த நடிகர். யாரும் தராத நல்ல வேடத்தைத் தானே எழுதிக்கொள்ளலாம் என்று இறங்கினார்.

கதைக்காக மோட்டுவளையைப் பார்க்காதீர்கள், உங்களுக்கு நடந்ததில் கை வையுங்கள். இரண்டாம் உலகப் போரின்போது பெர்ரி சின்னப் பையன். இங்கிலாந்தின் வாட்ஃபோர்டு ஊரில் ஊர்க்காவல் படையில் இருந்தார். ராணுவத்தில் சேர முடியாத கிழவர்களும் பையன்களும் பகலில் வேலை பார்த்துவிட்டு, ராத்திரி துப்பாக்கியோடு ஊரைக் காவல் காத்த கூட்டம் அது. இதைவிட என்ன வேண்டும்?

ஆட்களையும் அங்கிருந்தே எடுங்கள். 1898-இல் சூடானில் சண்டை போட்டதையே பேசிக்கொண்டிருந்த ஒரு கிழவர் அந்தப் படையில் இருந்தார், அவர்தான் தொடரில் கார்ப்பரல் ஜோன்ஸ் ஆனார். பையனுக்குச் சளி பிடித்துவிடுமே என்று அம்மா பதறுவாரே, தொடரில் வரும் அந்த 'பைக்' (Pike) என்ற பையன் வேறு யாருமில்லை, பெர்ரியேதான். உங்களை நீங்களே கிண்டல் செய்யாத ஸ்கிரிப்டை நான் நம்ப மாட்டேன்.

எழுதி முடித்ததும் முன்பின் தெரியாத கம்பெனிகளுக்கு அனுப்பிவிட்டுக் காத்திருக்காதீர்கள். பெர்ரி அப்போது சின்ன வேடம் கட்டியிருந்த வேறொரு தொடரின் தயாரிப்பாளர் டேவிட் கிராஃப்டிடமே கொடுத்தார். இருவரும் சேர்ந்து எழுதினார்கள். 1968 முதல் 1977 வரை 80 எபிசோடு. முகப்புப் பாட்டும் பெர்ரி எழுதியதுதான், போர்க்காலப் பழைய பாட்டு என்றே பலரும் நினைத்தார்கள்!

சரி, வேடம்? கள்ளச்சந்தையில் எதையும் வாங்கித் தரும் வாக்கர் பாத்திரத்தைத் தனக்காகவே எழுதியிருந்தார், அது ஜேம்ஸ் பெக்குக்குப் போய்விட்டது. எழுதுகிறவரே நடித்தால் நல்ல வசனமெல்லாம் தனக்கே வைத்துக்கொள்வார் என்ற பேச்சு வரத்தானே செய்யும். ஆகவே கேட்பதை முன்கூட்டியே கேட்டுவிடுங்கள், கிடைக்காவிட்டால் ஸ்கிரிப்டைப் பிடுங்கிக்கொண்டு ஓடாதீர்கள்.

அப்புறம், ஒரு அனுபவத்தோடு நிறுத்தாதீர்கள். நாசிக் பக்கம் தேவ்லாலி ராணுவ முகாமில் கலைக்குழுவில் இருந்தது ஒரு தொடரானது, விடுமுறை முகாமில் விருந்தினர்களை மகிழ்வித்த வேலை 'ஹை-டி-ஹை' ஆனது. தேவ்லாலி தொடரில் இந்தியராக ஒரு வெள்ளைக்காரர் முகத்துக்குச் சாயம் பூசி வருவார், அதை மட்டும் காப்பியடிக்க வேண்டாம்.

பெர்ரி நடித்ததைப் பார்க்க ஆசையிருந்தால் 'டாட்ஸ் ஆர்மி' முதல் சீசனின் ஆறாவது எபிசோடைத் தேடுங்கள். மேடையில் ஜோக் சொல்லும் சார்லி சீஸ்மேனாகக் கொஞ்ச நேரம் வந்துபோவார்.